உயிரோடு இருக்கும் அண்ணனுக்குச் செண்டுமல்லி

1

என் அம்மா இறந்துபோனதை நான் ஒரு பிளெக்ஸ் பேனரைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன்.

போன வருஷம், மழைக்காலம். போர்ட் பிளேரில் இருக்கும் உங்களுக்கு மழைக்காலம், எனக்கு இங்கே டெக்சாஸ் மாநிலத்து சான் அன்டோனியோவில் நவம்பரிலும் வெயில். நான் பள்ளிப் பேருந்து ஓட்டுகிறவன். காலை டிரிப்பில் பிள்ளைகளை இறக்கிவிட்டு, டெப்போவில் வண்டியை நிறுத்தி, டப்பாவைத் திறந்து உப்புமாவில் கை வைத்தபோது போன் துடித்தது. குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு படம். ஜங்லிகாட் முக்கில், கோழிக்கடைக்கு மேலே கட்டிய பேனர். நடுவில் நீள்வட்டத்துக்குள் அம்மா. இரண்டு பக்கமும் வெள்ளைப் புறாக்கள். மேலே 'கண்ணீர் அஞ்சலி'. கீழே வரிசையாகக் குடும்பத்தார். அந்த வரிசையில் நானும் இருந்தேன், இருபது வருஷத்துக்கு முந்தைய மீசையோடு. படத்துக்கு அடியில் 'ஆறாத் துயரில் வாடும் இளைய மகன், அமெரிக்கா'.

நான் ஆறாத் துயரில் வாடிக்கொண்டிருக்கிறேன் என்பது எனக்கே அப்போதுதான் தெரியும். வாயில் உப்புமா.

உங்களில் பாதிப் பேர் அந்தப் பேனருக்கு அடியில் நின்று ஆட்டோ பிடித்திருப்பீர்கள். அதில் வலது மூலையில், அம்மா படத்தைவிடப் பெரிதாக, வெள்ளைச் சட்டை போட்டு, காதில் செல்போனை வைத்துச் சிரித்துக்கொண்டிருந்தவர் என் அண்ணியின் அண்ணன். காண்டிராக்டர். பெயரை எழுதப்போவதில்லை. எழுதினால் சந்தோஷப்படுவார். சாவு வீட்டுப் பேனரில் நின்றுகொண்டு ஒரு மனிதர் யாரிடம் போன் பேசிச் சிரிப்பார் என்று நான் அன்றைக்கே யோசித்திருக்க வேண்டும். யோசிக்கவில்லை. ஏனென்றால் அந்தப் படம் வந்தது என் அண்ணனுடைய நம்பரிலிருந்து.

பயந்துபோனால் நான் செய்கிற முதல் காரியம், கைக்கு எட்டிய பட்டனை எல்லாம் அழுத்துவது. அன்றும் அழுத்தினேன். காலி பஸ்ஸின் கதவு திறந்தது. பக்கவாட்டில் 'நில்' பலகை நீண்டது. சிவப்பு விளக்குகள் மின்ன ஆரம்பித்தன. பலகை நீண்டால் நிற்க வேண்டும் என்பது இங்கே சட்டம்; டெப்போவில் மற்ற வண்டிகள் அப்படியே நின்றன. ரேடியோவில் "உனக்கு என்ன ஆச்சு?" என்று கேட்டார்கள். நான் மைக்கை அழுத்தி, "அம்மா போயிட்டாங்க" என்று தமிழில் சொன்னேன். டெப்போ முழுக்கக் கேட்டது, ஒருவருக்கும் புரியவில்லை. ஒருவருக்கு மட்டும் குரல் புரிந்தது. என் பஸ்ஸில் பிள்ளைகளைக் கவனித்துக்கொள்ளும் உதவியாளர் செலோ. மெக்சிகோவிலிருந்து வந்த குடும்பம்; என் வயதுதான்; எங்கள் அடுத்த வீடு. அவர்தான் வந்து, பலகையை மடக்கி, விளக்கை அணைத்து, உப்புமா டப்பாவை என் கையிலிருந்து வாங்கி வைத்தார்.

பிறகு அண்ணனுக்குப் போன் போட்டேன்; போட்டுப் போட்டு மறுநாள்தான் எடுத்தார். தகனமும் முடிந்திருந்தது.

"ஏன் சொல்லல?" என்றேன்.

முதலில் மழைச் சத்தம் மட்டும் கேட்டது. அப்புறம், "ஆமா. சொல்லல" என்றார்.

எனக்குத் தெரிந்த மூன்று மொழிகளிலும் திட்டினேன். எல்லாவற்றுக்கும் அவர் சொன்னது "ஆமா". அதற்குப் பிறகு ஒரு வருஷம் நாங்கள் பேசவில்லை.

2

இங்கே சாவுக்கு மூன்று நாள் லீவு. சான் அன்டோனியோவிலிருந்து நம்ம ஊருக்கு வந்து சேரவே ஏறத்தாழ அவ்வளவு ஆகும். விமான நிலையத்தில் இறங்கி, அங்கேயே அழுதுவிட்டு, அடுத்த விமானத்தில் திரும்ப வேண்டியதுதான். லீவு கொடுக்கும் அம்மையாரிடம் இதை விளக்கினேன். "அந்தமானா? அது அம்பு விடுகிற தீவு இல்லையா?" என்று கேட்டார். "ஆமாம், என் மாமனார் வண்டூரில் அதுதான் செய்கிறார்" என்றேன். குறித்துக்கொண்டார்.

முதல் வருஷத் திவசத்துக்காவது வரலாம் என்றால் கிரீன் கார்டு புதுப்பிக்கக் கொடுத்திருந்தது. அவசரமாகப் போய்வர அனுமதி கேட்டபோது ஓர் அலுவலகத்தில் அம்மாவின் இறப்புச் சான்றிதழைக் கேட்டார்கள். அதில் போர்ட் பிளேருக்கு அரசாங்கம் வைத்த புதுப் பெயர். என் பாஸ்போர்ட்டில், பிறந்த இடம் என்று பழைய பெயர். கவுண்டரில் இருந்தவர் இரண்டையும் அருகருகே வைத்துப் பார்த்து, "உங்கள் அம்மா கடைசிக் காலத்தில் ஊர் மாறிவிட்டாரா?" என்றார். "இல்லை ஐயா, அம்மா அங்கேயேதான் இருந்தார். ஊர்தான் மாறிவிட்டது" என்றேன். சிரிப்பார் என்று பார்த்தேன். ஒரு முத்திரை குத்தி இன்னொரு கவுண்டருக்கு அனுப்பினார். வெளியே போனால் திரும்பி உள்ளே வருவது சந்தேகம் என்று வக்கீல் சொல்லிவிட்டார்.

ஆக, வர முடியாது. வர முடியாதவனுக்கு என்ன மிஞ்சும்? கோபம் மிஞ்சும். அந்த ஒரு வருஷமும் பஸ் ஓட்டிக்கொண்டே அண்ணனைப் பழிவாங்கினேன். முதல் நிறுத்தத்தில் அவர் குட்வில் எஸ்டேட் வீட்டு மாடித் தொட்டியில் எலி விழுந்தது. மூன்றாவது நிறுத்தத்தில் கப்பலில் அவருக்கு பங்க் கிளாஸில் கக்கூஸ் ஓரத்துப் படுக்கை கிடைத்தது. அண்ணன் விமானம் ஏற மாட்டார், காது அடைக்கும் என்பார். சென்னைக்குக் கப்பலில்தான் போய்வருவார். அதனால் கடல் எனக்கு வசதியாக இருந்தது. பள்ளிக்கூட வாசலில் நான் வண்டியை நிறுத்தும்போது அவர் தினமும் வாந்தி எடுத்துக்கொண்டிருந்தார்.

"என்னங்க, தனியா சிரிக்கிறீங்க?" என்பாள் வசந்தா. என் மனைவி, ஆஸ்பத்திரியில் நர்ஸ். அவள் வேலைக்கு ஒட்டுவாலாகத்தான் நான் இந்த நாட்டுக்கு வந்தேன்.

3

இங்கே அக்டோபர் கடைசியில் என் பஸ்ஸில் வரும் பிள்ளைகள் பாதிப் பேர் மண்டையோட்டு மிட்டாய் சப்பிக்கொண்டு ஏறுவார்கள். சர்க்கரையில் செய்த மண்டையோடு, நெற்றியில் பூ வரைந்து, சில சமயம் பெயரும் எழுதி. முதல் வருஷம் அதைப் பார்த்துப் பயந்து நான் விபூதி பூசிக்கொண்டேன் என்பதை இங்கே ஒப்புக்கொள்கிறேன்.

மெக்சிகோக்காரர்கள் நவம்பர் முதல் இரண்டு நாள் செத்தவர்களை வீட்டுக்கு அழைக்கிறார்கள். கூடத்தில் படிப்படியாக மேஜை அடுக்கி, துணி விரித்து, தட்டில் படங்களை வைப்பார்கள். நம் கொலுவைப் பாதியில் நிறுத்தி, பொம்மைக்குப் பதிலாகச் சித்தப்பாவை வைத்தது போல இருக்கும். அதற்கு 'ஒஃப்ரெந்தா' என்று பெயர். வெட்டுவேலை செய்த கலர் காகிதத் தோரணம். மெழுகுவர்த்தி. நம்ம சாம்பிராணிக்கு அக்காள் மகள் மாதிரி ஒரு புகை. எலும்பு வடிவம் வைத்துச் சுட்ட ரொட்டி. உப்பு. எல்லாவற்றுக்கும் முன்னால் ஒரு டம்ளர் தண்ணீர். அவ்வளவு தூரம் வருகிறவர்களுக்குத் தாகம் எடுக்கும் அல்லவா. பிறகு பூ. நம்ம செண்டுமல்லியேதான். அதன் இதழை உதிர்த்து வாசல் கேட்டிலிருந்து கூடம் வரை பாதை போடுவார்கள். அந்த வாசனையைப் பிடித்துக்கொண்டு செத்தவர்கள் வழி தப்பாமல் வந்து சேர்வார்களாம்.

நாம் என்ன செய்கிறோம்? ஆணி அடித்து உயரத்தில் மாட்டி, ஜீரோ வாட்ஸ் பல்பு போட்டு, ஒரு நாள் இலை போட்டுக் காக்காவைக் கூப்பிடுகிறோம். அவர்கள் படத்தைக் கண்ணுக்கு நேரே இறக்கி வைத்து, எதிரே நாற்காலி போட்டு உட்கார்ந்து பேசுகிறார்கள். அதுவும் மரியாதையாக எல்லாம் இல்லை. செலோ வீட்டு மேஜையில் அவர் கணவர் இருந்தார். பக்கத்தில் அவர் குடித்துச் செத்த அதே பீர். "இதால செத்தாரு, இது இல்லாம வரமாட்டாரு" என்றார் செலோ. அவர் பேசுவது ஸ்பானிஷ் கலந்த ஆங்கிலம். நம்ம தமிழில் தருகிறேன்.

மேல் தட்டில் கடுகடு முகத்தோடு ஓர் அம்மாள். முன்னால் ஒரு கோப்பைக் காப்பி.

"மாமியார்" என்றார் செலோ. "சர்க்கரை போடல."

"சர்க்கரை வியாதியா?"

"இல்லையே. அவங்களுக்குச் சர்க்கரைன்னா உசிரு. நாலு கரண்டி போட்டுப்பாங்க." கண்ணைச் சிமிட்டினார். "பதினோரு வருஷம் என்னைப் படுத்தினாங்க. வரட்டும். வந்து குடிக்கட்டும்."

செத்தவர்களைக் கௌரவிக்கும் முறைகளில் இவ்வளவு உன்னதமானதை நான் பார்த்ததில்லை. அழைக்கவும் வேண்டும், படம் வைக்கவும் வேண்டும், காப்பியும் கொடுக்க வேண்டும், ஆனால் கணக்கையும் தீர்க்க வேண்டும். அன்றைக்கே செலோவை என் குருவாக ஏற்றுக்கொண்டேன்.

4

திவசத் திதி இந்த வருஷம் சரியாக அந்த மெக்சிகோ நாட்களை ஒட்டியே விழுந்தது. ஒரு வாரத்துக்கு முன்னால் அண்ணியிடமிருந்து ஒரு குரல் செய்தி.

"தம்பி, நல்லா இருக்கீங்களா? பாப்பா நல்லா படிக்கிதா? உங்க அண்ணன் சொல்லச் சொன்னாரு. திவசம் வண்டூர் கடற்கரையில வச்சு நாங்க குடுத்துடுறோம். அங்க நீங்க தனியா இலை கிலை போட்டு எதுவும் வச்சிக்க வேணாமாம். ரெண்டு எடத்துல கூப்பிட்டா அத்தை எங்கன்னு போவாங்க, அலைவாங்கல்ல? அதான். கோவிச்சுக்காதீங்க."

எங்கள் பக்கத்து வழக்கம் உங்களுக்குத் தெரியும். அண்ணன் தம்பி பாகம் பிரிக்காதவரை தாய் தகப்பனுக்கு ஒரே படையல். அது மூத்தவன் வீட்டில். தம்பி தனியாக இலை போட்டால் பிரிந்துவிட்டான் என்று அர்த்தம். எங்களிடம் பிரிக்க நிலமில்லை, நகையில்லை. அப்பா ஜங்லிகாட்டில் வாடகை வீட்டில் இருந்து வாடகை வீட்டிலேயே செத்தவர். எங்களுக்குள் பிரித்துக்கொள்ள இருந்தது ஒரே சொத்து. அம்மா.

சாகும்போது சொல்லவில்லை, இப்போது கும்பிடவும் கூடாதா?

முடிவு செய்தேன். அம்மாவைக் கடத்திவிடுவது.

யோசித்துப் பாருங்கள். அண்ணன் வைக்கப்போவது வாழைக்காய், பூசணிக்காய், வெறும் பாயசம். நான் வைக்கப்போவது நண்டு.

இது எனக்கும் அம்மாவுக்கும் மட்டும் தெரிந்த ரகசியம். அண்ணன் சின்ன வயதில் நண்டு தின்று உடம்பு பலூன் மாதிரி வீங்கி, ஆஸ்பத்திரியில் கிடந்து பிழைத்தார். அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் நண்டு கிடையாது. ஆனால் அம்மாவுக்கு நண்டு என்றால் பைத்தியம். ஞாயிற்றுக்கிழமை அண்ணனை ரேஷன் அரிசிக்கு அனுப்பிவிட்டு, என்னை மீன் மார்க்கெட்டுக்கு விரட்டுவாள். அவசர அவசரமாக மிளகு தட்டிப் போட்டு, அடுப்படியிலேயே நின்றுகொண்டு தின்போம். ஓட்டைக் கடித்து உறிஞ்சும்போது அம்மா கண்ணை மூடிக்கொள்வாள். பிறகு ஓடுகளைக் காகிதத்தில் சுற்றிப் பக்கத்துக் காலி மனையில் எறிந்துவிட்டு, சட்டியை மூன்று தடவை தேய்ப்பாள்.

ஒரு பக்கம் வாழைக்காய். ஒரு பக்கம் நண்டு. அம்மா எங்கே போவாள்? நீங்களே சொல்லுங்கள்.

5

என் பெண் இலக்கியாவுக்குப் பதினைந்து வயது. தமிழில் நாலு வாக்கியம் தொடர்ந்து பேசினால் மூச்சு வாங்கும். ஸ்பானிஷ் ஆறாக ஓடும். பள்ளியில் ஸ்பானிஷ் வகுப்புக்காக அவள் ஏற்கெனவே என் அம்மாவை வைத்து ஓர் ஒஃப்ரெந்தா செய்திருந்தாள் என்பது எனக்கு மதிப்பெண் வந்த பிறகுதான் தெரிந்தது. நூற்றுக்குத் தொண்ணூற்றிரண்டு.

"எட்டு எங்க போச்சு?" என்றேன். நம்ம ஊர் அப்பன்.

"உப்பு வைக்க மறந்துட்டேன்ப்பா."

உப்பில்லாமல் அம்மா ஒரு நாளும் சாப்பிட்டதில்லை. ஆனால் என் பெண் அவளுக்காகப் பரீட்சை எழுதியிருக்கிறாள். திட்டவும் வாய் வரவில்லை, பாராட்டவும் வரவில்லை. "சரி, இந்தத் தடவை நூறு வாங்கணும்" என்றேன்.

செலோ மேஜை கொடுத்தார். இலக்கியா தோரணம் வெட்டினாள். வசந்தா முதலில் தலையில் அடித்துக்கொண்டாள்; பிறகு, "செய்யறதைச் சரியாச் செய்ங்க, அத்தைக்கு இந்த மாதிரி நண்டு ஆகாது" என்று என்னைத் தள்ளிவிட்டுத் தானே மசாலா அரைத்தாள். ஐஸில் விறைத்த, குச்சி குச்சியான கால் உள்ள நண்டுதான் கிடைத்தது. நம்ம ஊர் நண்டு பார்த்தால் அதை வெள்ளைக்காரன் என்று சொல்லியிருக்கும். நான் செண்டுமல்லியை உதிர்த்துப் பாதை போட்டேன். செலோ கேட்டிலிருந்து போட்டிருந்தார். நான் டெப்போவுக்குப் போகாமல் தெருமுனையில் நிறுத்திவைத்திருந்த என் ஸ்கூல் பஸ்ஸிலிருந்து போட்டேன். போர்ட் பிளேரிலிருந்து வருகிறவளுக்கு இடையில் எங்கும் குழப்பம் வரக்கூடாது.

கடைசியில் படம். அம்மா ஒரு படத்துக்கும் ஒழுங்காக நின்றதில்லை. முகம் தெளிவாக, சிரித்துக்கொண்டிருக்கும் படம் ஒன்றே ஒன்றுதான். ஹாடோ ஜெட்டியில் எடுத்தது. பின்னால் கப்பல். அம்மா அண்ணனின் கையைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள், கெட்டியாக, மூத்த மகனை யாரோ தூக்கிப்போக வந்தது போல. அண்ணனை வெட்டி எடுத்தால் அம்மாவின் கையும் போகும். கை இல்லாத அம்மா எப்படி நண்டு உடைப்பாள்? முழுப் படத்தையும் பெரிதாக அச்செடுத்துச் சட்டம் போட்டு நடுவில் வைத்தேன்.

செலோ வந்து பார்த்தார். எல்லாம் அழகு என்றார். தண்ணீர் இருக்கிறதா என்று பார்த்தார், உப்பு பார்த்தார். பிறகு படத்தைப் பார்த்தார்.

"இவர் யாரு?"

"அண்ணன்."

"ஐயோ பாவம். எப்ப தவறினாரு?"

"தவறல. நல்லா இருக்காரு."

செலோ பின்னால் ஓர் அடி வைத்தார். மார்பில் சிலுவை போட்டுக்கொண்டார். "எடு. உடனே எடு. உயிரோட இருக்கிறவங்க படத்தை இதுல வைக்கவே கூடாது. வச்சா கூப்பிட்டதா அர்த்தம். அவங்களும் வந்துருவாங்க."

"எங்க வருவாங்க?"

"அவங்க இருக்கிற எடத்துக்கு" என்று அம்மா பக்கம் கையைக் காட்டினார்.

இப்போது நான் என்ன செய்திருக்க வேண்டும் என்று உங்கள் எல்லாருக்கும் தெரியும். எனக்கும் தெரிந்தது. ஆனால் அந்தப் படத்தில் அண்ணன் முகத்தைப் பார்த்தேன். 'ஆமா. சொல்லல.' காதில் மழைச் சத்தம் கேட்டது. கைப்பிடி செண்டுமல்லியை எடுத்து அண்ணன் பக்கமாகவும் ஒரு தூவு தூவினேன்.

"கொஞ்ச நேரம் இருக்கட்டும்" என்றேன்.

6

கொஞ்ச நேரம் என்பது, இலக்கியா படம் பிடித்து முடித்து, வசந்தா கும்பிட்டு முடித்து, நான் ஒரு டீ குடிக்கும் வரை. டீ பாதியில் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தேன்.

அப்போது உங்கள் பக்கம் விடிந்திருக்கும். அண்ணன் கடலில் இறங்குகிற நேரம். கடலில். வடகிழக்கு மழை, அலை. டீயை அப்படியே வைத்தேன். போன் போட்டேன். போகவில்லை. வாட்ஸ்அப்பில் 'அண்ணே' என்று மட்டும் அனுப்பினேன். ஒற்றை டிக். 'சும்மாதான் கூப்பிட்டேன்' என்று அனுப்பினேன். ஒற்றை டிக். ஒரு வருஷம் பேசாதவன் சும்மாதான் கூப்பிட்டேன் என்றால் யார் நம்புவார்கள் என்று தோன்றி, 'பருவநிலை எப்படி?' என்று அனுப்பினேன். அதுவும் ஒற்றை டிக். அண்ணிக்குப் போட்டேன். ஸ்விட்ச் ஆஃப்.

வண்டூரில் சிக்னல் கிடைக்காது, உங்களுக்குத் தெரியும். எனக்கும் தெரியும், என் மாமனார் ஊர். ஆனால் பயத்துக்குப் பூகோளம் தெரியாது. ஓடிப்போய் ஃபிரிட்ஜில் ஒட்டும் மஞ்சள் காகிதத்தைக் கிழித்து அண்ணன் முகத்தில் ஒட்டினேன். ஆள் தெரியாவிட்டால் எமன் எப்படிக் கூட்டிப்போவான்? பிறகு மூச்சு முட்டுமே என்று மூக்குக்கு நேரே ஓட்டை போட்டேன். துடைப்பத்தை எடுத்து அண்ணன் பக்கத்துப் பூவை மட்டும் கூட்டினேன். எது அம்மா பூ, எது அண்ணன் பூ என்று குழம்பி, எல்லாவற்றையும் திரும்பக் கொட்டினேன்.

"அப்பா, என்ன பண்றீங்க?"

"ஒண்ணுமில்லம்மா. பெரியப்பாவைத் திருப்பி அனுப்பிக்கிட்டிருக்கேன்."

வேலிக்கு மேலே எம்பி செலோவைக் கூப்பிட்டேன். "தெரியாம வச்சிட்டா இதுக்கு ஏதாவது பரிகாரம் இருக்கா?"

செலோ நிதானமாக யோசித்தார். "தெரியல. இதுவரைக்கும் எங்க ஊர்ல யாரும் இப்படி ஒரு முட்டாள்தனம் பண்ணதில்ல."

ஒன்று சொல்கிறேன். நிறுத்தத்துக்கு நிறுத்தம் அவரை வாந்தி எடுக்க வைத்தவன் நான். அன்று சாயங்காலம் முழுக்க, 'காய்ச்சல் வரட்டும், எலி விழட்டும், கக்கூஸ் ஓரத்துப் படுக்கை கிடைக்கட்டும், ஆள் மட்டும் இருக்கட்டும்' என்று வேண்டிக்கொண்டிருந்தேன். செத்துப்போனால் அப்புறம் நான் யாரைப் பழிவாங்குவது?

7

மறுநாள் காலை காப்பி கொதித்துக்கொண்டிருந்தபோது வீடியோ அழைப்பு வந்தது. அண்ணன். நெற்றி நிறைய விபூதி.

"க்யா ரே, வீடு கீடு எரிஞ்சு போச்சா? எத்தன தடவடா கூப்பிடுவ?"

"அண்ணே, உயிரோட இருக்கீங்களா?"

"இல்ல, செத்துப்போய்த்தான் வீடியோ கால் பண்றேன். ஒரு வருஷமா பேசாதவன் இவ்வளவு மிஸ்டு கால் குடுத்தா எனக்குத்தான்டா நெஞ்சு வலி வரும்."

நான் அழுதேனா என்று வசந்தாவைக் கேட்காதீர்கள். அவள் மிகைப்படுத்துவாள். நான் கண்ணைத் துடைத்த நேரத்தில் என் பெண் போனைப் பிடுங்கி மேஜைப் பக்கம் திருப்பிவிட்டாள்.

"பெரியப்பா, பாருங்க! நீங்களும் இருக்கீங்க!"

அண்ணன் முகத்தைத் திரைக்கு அருகே கொண்டுவந்தார். மூக்கு மட்டும் தெரிந்தது.

"அம்மா பக்கத்துல யாரு அது, மூஞ்சில மஞ்சக் காகிதம் ஒட்டிக்கிட்டு?"

"நீங்கதான் அண்ணே."

செலோ சொன்னதையும் பஸ்ஸிலிருந்து போட்ட பூவையும் இலக்கியா மூச்சு வாங்கச் சொல்லி முடித்தாள்.

"எனக்குப் பூ வேற போட்டிருக்க."

"அம்மாவுக்குப் போட்டது. கொஞ்சம் பக்கத்துல விழுந்திருச்சு."

"கீழ செவப்பா என்னது?"

"நண்டு."

அவர் பின்னால் சாய்ந்தார். "அரே, என்னைச் சாகடிக்கிறதுதான் சாகடிக்கிற, அதுக்கப்புறமும் நண்டா? படத்துக்கே உடம்பு தடிச்சிருக்கும்டா!"

"அது அம்மாவுக்கு" என்றேன். ரோஷம் வந்துவிட்டது. "அம்மாவுக்கு நண்டுன்னா உசிரு. உங்களுக்கு அதெல்லாம் தெரியாது."

"எனக்கா தெரியாது?" அண்ணன் சிரித்தார். "ரேஷன் கடையில எத்தன மணி நேரம்டா க்யூ இருக்கும்? அரிசிய வாங்கிட்டு ஜெட்டியில போய்க் கப்பலப் பாத்துக்கிட்டு உக்காந்திருப்பேன். ஒரு தடவ சீக்கிரம் வந்துட்டேன். அம்மா தட்டை எடுத்துக்கிட்டுக் கொல்லைப் பக்கம் ஓடினா. பாவமா இருந்துச்சு. அதுக்கப்புறம் சீக்கிரம் வந்ததே இல்ல."

எனக்கும் அம்மாவுக்கும் மட்டும் தெரிந்த ரகசியம் அத்தோடு முடிந்தது. கையில் வேறு ஆயுதம் இல்லை. ஒரு வருஷமாக வைத்திருந்த ஒரே கேள்வியைக் கேட்டேன்.

"அப்ப ஏன் அண்ணே எனக்குச் சொல்லல?"

சிரிப்பு நின்றது. அவர் எழுந்து, அறைக் கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தார்.

"நான் இங்க இல்லடா."

"எங்க இல்ல?"

"போர்ட் பிளேர்லயே இல்ல. பெரியவளுக்கு காலேஜ் ஃபீஸ் கட்ட சென்னை போயிருந்தேன். திரும்பிக் கப்பல்ல வந்துக்கிட்டிருந்தேன். நடுக்கடல்ல சிக்னல் ஏது? வாட்ஸ்அப் போனை வீட்லயே வச்சிட்டுப் போயிட்டேன், சென்னையில திருடிருவானுங்கன்னு. அந்த போன்லதான் மச்சான் உனக்கு அனுப்பியிருக்கான்."

"மச்சான்னா…"

"பேனர்ல சிரிக்கிறானே, அவன்தான். மறுநாள் மெயின்லேண்ட்லேருந்து யாரோ பெரிய ஆபீசர் வர்றானாம், ரோட்டு வேலை, இவன் கூட நிக்கணுமாம். 'மழை நிக்காது, கப்பல் எப்ப வருமோ, பேரன் இருக்கான்ல கொள்ளி போட'ன்னு சொல்லி எடுத்துட்டான். உங்க அண்ணி அழுதிருக்கா. யார் கேக்குறது?"

"உங்களுக்கு எப்பத் தெரியும்?"

"ஹாடோல எறங்கி ஆட்டோ ஏறினேன். ஜங்லிகாட் முக்குல ஆட்டோக்காரப் பெங்காலிப் பையன் வண்டிய ஸ்லோ பண்ணான். 'பாய், யே ஆப்கா அம்மா ஹை நா?'ன்னு, உங்க அம்மாதானேன்னு கேட்டான். நிமிந்து பாத்தேன். நானும் இருக்கேன் அதுல. ஆறாத் துயரில் வாடுறேன்."

இலக்கியா போனை ஆடாமல் பிடித்துக்கொண்டிருந்தாள்.

"அன்னைக்கே சொல்லியிருக்கலாமே அண்ணே. நான் அவ்வளவு திட்டினேனே."

"மூத்தவன் நானும் கூட இல்லேன்னு உன்கிட்ட என்னன்னுடா சொல்லுவேன்? நீ திட்டினப்ப நிம்மதியா இருந்துச்சு. யாராவது திட்டணும்ல. இங்க எல்லாரும் கையப் புடிச்சுக் குலுக்குறானுங்க." துண்டால் முகத்தைத் துடைத்தார். "நீ தனியா கும்பிட வேணாம்னு சொன்னதும் அதான். போன தடவ நான் இல்லாதப்பப் போயிட்டா. இந்தத் தடவையாவது நான் இருக்கிறப்ப வரட்டும்னு பாத்தேன். நீ பஸ்லேருந்து பூப் போட்டு இழுத்துட்ட."

"பாதி நேரம் அங்க இருந்துட்டு வந்திருப்பா அண்ணே."

"வந்திருப்பா. வாழக்காய எத்தன நேரம் திம்பா?"

வசந்தா காப்பி கொண்டுவந்து வைத்துவிட்டு, போனுக்குள் எட்டிப் பார்த்து, "நல்லா இருக்கீங்களா மாமா?" என்றாள். அவர் தலையை ஆட்டினார். அவள் போனதும் குரலைத் தாழ்த்தினார்.

"டேய்."

"என்ன அண்ணே?"

"உயிரோட இருக்கிறவன் படத்த வச்சா கூப்பிட்டுக்குவாங்கன்னு பாப்பா சொல்லுதே. நெசமா?"

"செலோ அப்படித்தான் சொல்றாங்க. ஆனா உங்களுக்கு ஒண்ணும் ஆகலையே."

"எனக்கு காகிதம் ஒட்டிட்டியே. ஒட்டலைன்னா?"

நான் காப்பியை எடுத்து ஊதினேன். அண்ணன் குடியிருக்கும் மாடி அந்த மச்சானுடையது. தினமும் படி ஏறும்போது வணக்கம் சொல்ல வேண்டும். சற்று நேரத்தில் வாட்ஸ்அப்பில் அண்ணன் அனுப்பிய ஒரு படம் வந்து விழுந்தது. ஏதோ கல்யாணப் பந்தி. காண்டிராக்டர் வாய் நிறைய பிரியாணியோடு நிமிர்ந்து பார்க்கிறார்.

மேஜையை அன்று சாயங்காலம் கலைத்துவிட வேண்டும் என்று செலோ சொல்லியிருந்தார். பகல் டிரிப் முடித்துத் திரும்பும் வழியில் அச்சுக்கடை. இதற்கு மேல் நான் எதையும் ஒப்புக்கொள்ள மாட்டேன். காண்டிராக்டருக்கு ஒன்றும் ஆகாது, நூறு வயது இருப்பார், என் அண்ணனுக்கே ஒன்றும் ஆகவில்லையே. வசந்தாவிடமும் இதைத்தான் சொல்லியிருக்கிறேன். இந்தக் குறிப்பைப் படித்துவிட்டு நீங்கள் யாராவது அவரைப் பார்த்தால், உடம்பு எப்படி இருக்கிறது என்று கொஞ்சம் அக்கறையாக விசாரியுங்கள். அடிக்கடி விசாரியுங்கள்.

சாயங்காலம் அண்ணனைக் கூப்பிட்டேன். ஊரில் அப்போதுதான் விடிந்திருந்தது; முதல் மணியிலேயே எடுத்துவிட்டார். போனை மேஜைக்கு நேராகச் சாய்த்து வைத்தேன்.

"தெரியுதா அண்ணே?"

"தெரியுது. இன்னும் கொஞ்சம் இந்தப் பக்கம். அம்மா பக்கத்துல வேணாம்டா, அவ ஒரு வருஷமா நிம்மதியா இருக்கா. கீழ வை. இன்னும் கீழ."

"இங்கயா?"

"ஹான், பஸ், போதும். அங்கதான். தண்ணிய அவன்கிட்டேருந்து தள்ளி வை."

"பூ?"

"போடு" என்றார் அண்ணன். "நெறைய போடு."